முதுகு காட்டிய மாப்பிள்ளை

சகாயநாதன்: ...அதான் சொல்றேனே, ஒரு நிமிஷ வேலைங்க. போனோம், சொன்னோம், வந்தோம்னு முடிஞ்சுடும்.

அமலராணி: மொதல்ல செருப்பைக் கழட்டிட்டு உள்ள வாங்க. தென்னூர் பூராவும் வெயில்ல அலைஞ்ச மாதிரி இருக்கு மொகம்.

சகாயநாதன்: அலையத்தான் அலைஞ்சேன். வீடு மாத்தினது எனக்கு எங்க தெரியும்? பழைய வீட்டுல போய் அமலராணி வீடு எதுன்னு கேட்டா, டெலிபோன் எக்ஸ்சேஞ்ச் அமலராணியா, சினிமா அமலராணியான்னு கேக்குறாங்க.

அமலராணி: ரெண்டும் நான்தானே. நீங்க என்ன சொன்னீங்க?

சகாயநாதன்: எக்ஸ்சேஞ்சுன்னேன்.

அமலராணி: தெரியாதுன்னிருப்பாங்க.

சகாயநாதன்: ஆமா... அப்புறம் சினிமான்னேன். சந்து முனை வரைக்கும் கூடவே வந்து காட்டிட்டுப் போனாங்க.

அமலராணி: பார்த்தீங்களா. அந்த நாற்காலி வேணாம், கால் ஆடும். பெஞ்சில உக்காருங்க. எட்டு வருஷம் கழிச்சு வந்த ஆளைக் கீழ தள்ளிட்டான்னு எனக்குப் பேர் வேணாம்.

சகாயநாதன்: உக்கார நேரம் இல்லீங்க. சாயந்தர மணி அடிச்சா சாமியார் சனத்தோட பாவத்தைக் கேக்கப் பாவசங்கீர்த்தனத் தொட்டியில போய் உக்காந்துடுவார். சனிக்கிழமை வேற. அப்புறம் கோயில் சனம் மொத்தமும் வரிசை கட்டி நிக்கும். அதுக்குள்ள நாம...

அமலராணி: "இல்லீங்க"ளா? எப்ப இருந்து எனக்கு இவ்வளவு மரியாதை? கோயில் பாட்டுக் குழுவுல ஆர்மோனியத்துக்குப் பின்னால உக்காந்துக்கிட்டு, "ஏ அமலம், சுதி எறங்குது"ன்னு அதட்டுற வாய்தானே இது?

சகாயநாதன்: அது அப்போ.

அமலராணி: சரி, அது அப்போ. இப்போ நான் சாமியார்கிட்ட வந்து என்ன சொல்லணும்? அப்பாவுக்குக் கஞ்சி ஊட்டிக்கிட்டே, நீங்க வாசல்ல நின்னு சொன்னதைப் பாதிதான் காதுல வாங்கினேன். மொதல்ல இருந்து சொல்லுங்க. அவர் தூங்கிட்டார். முழிச்சிருந்தாலும் அவருக்குக் காது கேக்காது.

சகாயநாதன்: எனக்குக் கல்யாணம் நிச்சயம் ஆயிருக்கு.

அமலராணி: அது தெரிஞ்ச சேதிதான். ரெண்டு ஞாயித்துக்கிழமையா ஓலை வாசிக்கிறாங்களே. நானும் பூசைக்கு வர்றவதானே? "காலஞ்சென்ற தைரியராஜ் மகன் சகாயநாதனுக்கும், மணப்பாறை அற்புதசாமி மகள் செல்வமேரிக்கும் விவாகம் நடக்க இருப்பதால், தடை ஏதேனும் அறிந்தவர்கள் தெரிவிக்கக் கடவார்கள்." சாமியார் நல்லா நிறுத்தி நிதானமாத்தான் வாசிச்சார். நாளைக்கு மூணாவது ஓலை. அதோட முடிஞ்சுது, அடுத்த வாரம் கல்யாணம்.

சகாயநாதன்: முடியலையே. அதுதானே இப்ப... ஒருத்தர் தடை சொல்லிட்டாங்க.

அமலராணி: யாரு?

சகாயநாதன்: அது... சாமியார் பேரைச் சொல்ல மாட்டேங்கிறார்.

அமலராணி: என்ன தடையாம்?

சகாயநாதன்: எனக்கு ஏற்கனவே கல்யாணம் ஆயிடுச்சாம்.

அமலராணி: அடடே. யாரோட?

சகாயநாதன்: சிரிக்காதீங்க... சிரிக்காத அமலம். உன்னோட.

அமலராணி: இருங்க. அடுப்புல பால் பொங்குது.

சகாயநாதன்: அமலம்...

அமலராணி: வந்துட்டேன். பொங்கல. பொங்கின மாதிரி இருந்துச்சு. எந்தக் கல்யாணம், வீரமலை எடுத்த படத்துல நடந்ததா?

சகாயநாதன்: அதேதான். புதன்கிழமை ஆபீஸ் விட்டு வந்து சைக்கிளை நிறுத்துறேன், கோயில்பிள்ளை வந்து நிக்கிறார், சாமியார் கூப்பிடுறார்னு. போனேன். உக்காரச் சொல்லல. பாழ்மண்டபத்து மாப்பிள்ளைன்னு ஒரு பேய்ப் படம், அதுல நீ நடிச்சியாடான்னு கேட்டார். நான் எங்க சாமி நடிச்சேன், என் முதுகுதான் நடிச்சுதுன்னேன். சிரிப்பார்னு பார்த்தா, முதுகுக்கும் சேர்த்துத்தான்டா ஞானஸ்நானம் கொடுத்திருக்குன்னார்.

அமலராணி: சரியாத்தான் கேட்டிருக்கார்.

சகாயநாதன்: நீயுமா? அப்புறம் ஒவ்வொண்ணாத் தோண்ட ஆரம்பிச்சார். அந்தப் படத்துல கல்யாணத்தை நடத்தி வச்சவர் நடிகர் இல்ல, காலமான நம்ம பெரிய சாமியாராமே, நெசமான்னார். நெசம்தான்னேன். உங்க ரெண்டு பேரையும் சொந்தப் பேர் சொல்லிச் சம்மதம் கேட்டாராமே, அதுவும் நெசமான்னார். அதுவும் நெசம்தான்னேன். தலையில கைய வச்சுக்கிட்டார் மனுஷன்.

அமலராணி: பெரிய சாமியாரைக் குத்தம் சொல்லாதீங்க. லத்தீன் சரியா இருக்கான்னு பார்க்கத்தானே வீரமலை அவரைக் கூட்டியாந்தார்? எந்தக் கோயிலையும் படம் பிடிக்கத் தர மாட்டோம்னுட்டாங்க. ஸ்ரீரங்கத்துல, கொள்ளிடக்கரை நெல்லு கிட்டங்கில, மரப்பலகைய வச்சுப் பீடம் கட்டினாங்க. சாமியார் வேஷம் போட்ட நாடகக்காரர் இருந்தாரே, அவர் லத்தீனைக் கொதறிக் கொதறித் துப்பினார். பெரிய சாமியாருக்குக் கண்ணுதான் மங்கல், காது நல்லாக் கேக்கும். எவ்வளவு நேரம்தான் பொறுப்பார்? எழுந்து போயி அந்த ஆள் கழுத்துல கெடந்த துண்டை உருவித் தன் கழுத்துல போட்டுக்கிட்டு, நகருப்பா, வேத வார்த்தைய இப்படிக் கொலை பண்ணாதன்னுட்டு அவரே நின்னுட்டார்.

சகாயநாதன்: காமிரா பாட்டுக்கு ஓடிக்கிட்டு இருந்துச்சு.

அமலராணி: ஓடட்டும்னு விட்டுட்டாங்க. ராஜசேகரன், மரகதம்னு கதையில என்னமோ பேர் வச்சிருந்தாங்க. அவருக்கு அதெல்லாம் எங்க ஞாபகம் இருக்கப்போகுது? நாம ரெண்டு பேரும் அவர் கையால ஞானஸ்நானம் வாங்கின பிள்ளைங்க. "சகாயநாதா, அமலராணியை..."ன்னு ஆரம்பிச்சுட்டார்.

சகாயநாதன்: நான் அங்க பாட்டுக்கு ஆர்மோனியம் வாசிக்கப் போனவன். கதாநாயகனுக்குக் காய்ச்சல்னு என்னைப் பிடிச்சு, முதுகுதான் தம்பி தெரியும், சும்மா நில்லுன்னு நிக்க வச்சாங்க. நான் கேட்டேனா இதையெல்லாம்?

அமலராணி: நீங்க எதைத்தான் கேட்டீங்க?

சகாயநாதன்: என்ன?

அமலராணி: ஒண்ணும் இல்ல. மேல சொல்லுங்க. சாமியார் என்ன முடிவு சொன்னார்?

சகாயநாதன்: ஓலை வாசிக்கல, கோயில்ல பதியல, சட்டப்படி இது கல்யாணமா நிக்காதுன்னுதான் நெனைக்கிறாராம். ஆனா வார்த்தை கொடுத்திருக்கீங்களே, சாமியார் முன்னால நின்னு கொடுத்திருக்கீங்களே, அது வெறும் நடிப்புதானா, மனசறிஞ்சு சொன்னதான்னு தெரியாம மூணாவது ஓலைய நான் வாசிக்க மாட்டேங்கிறார். அப்ப நான் சத்தியம் பண்றேன் சாமின்னேன். நீ மாப்பிள்ளை, உன் வார்த்தை எடுபடாது, அந்தப் பொண்ணு சொல்லட்டும்னுட்டார். சுவிசேஷத்து மேல கை வச்சு, அது நடிப்புதான்னு நீ சொன்னா நாளைக்கே வாசிப்பாராம்.

அமலராணி: சொல்லலேன்னா?

சகாயநாதன்: மேற்றிராணியாருக்கு, அதான் பிஷப்புக்கு, எழுதிப் போட்டுட்டுக் காத்திருக்கணுமாம். பதில் எப்ப வரும்னு யாருக்குத் தெரியும்? மணப்பாறையில பந்தக்கால் நட்டாச்சு. முறுக்கு சுத்த ஆளுங்க வந்து உக்காந்தாச்சு. எங்க அம்மா மூணு நாளா சரியாச் சாப்பிடல. எந்த வயித்தெரிச்சல் பிடிச்சவ பண்ணின வேலையோன்னு சபிச்சுக்கிட்டே கெடக்கு.

அமலராணி: "பிடிச்சவ"ன்னு அம்மா சொன்னாங்களா, நீங்களா சொல்றீங்களா?

சகாயநாதன்: அமலம், மறைக்காம சொல்லு. நான் கோவிச்சுக்க மாட்டேன். போய்ச் சொன்னது நீயா?

அமலராணி: அதுக்குத்தான் இந்த வெயில்ல வந்தீங்களா?

சகாயநாதன்: வேற யாருக்குத் தெரியும்? யோசிச்சுப் பாரு. படத்துல என் மொகம் ஒரு எடத்துலயும் கெடையாது. சகாயநாதன்னு பேர் கேட்டாலும், ஏதோ பேரை மாத்திச் சொல்லிட்டாங்கன்னுதான் ஊரே சிரிக்குது. பெரிய சாமியார் போய்ச் சேர்ந்துட்டார். வீரமலை மரக்கடையை மூடிட்டு மருங்காபுரியில கடலை பயிர் பண்ணிக்கிட்டு இருக்கார். சினிமான்னு காதுல விழுந்தாலே எழுந்து போயிடுறாராம். மிச்சம் யாரு?

அமலராணி: மிச்சம் ரெண்டு பேரு.

சகாயநாதன்: அதான் கேக்குறேன்.

அமலராணி: நான் சொல்லல. போதுமா? தடை சொல்லணும்னா மொதல் ஓலையிலயே எழுந்து நின்னு சொல்லியிருப்பேன். எனக்கென்ன, ஊரே பார்த்த மொகம். இன்னொரு தடவை பார்த்துட்டுப் போகட்டுமே.

வஹீதா: அமலாக்கா... இருக்கீங்களா? இஸ்திரிப் பெட்டி வேணுமே. ஓ, ஆள் இருக்காங்களா? நான் அப்புறமா வர்றேன்.

அமலராணி: உள்ள வா வஹீதா. இவங்க கோயில்ல ஆர்மோனியம் வாசிக்கிறவங்க. இவ பக்கத்து வீட்டு வஹீதா. பெட்டி அந்த மூலையில இருக்கு பாரு, இன்னும் சூடு ஆறல.

வஹீதா: என்னக்கா, மறுபடியும் காப்பிக்குப் பாலா? காலையில விருந்தாளிக்குன்னு எங்க வீட்டுலதானே பால் வாங்கிட்டுப் போனீங்க. இன்னிக்கு உங்க வீட்டுல ஒரே...

அமலராணி: பெட்டிய எடுத்துக்கோ, கை சுட்டுடப்போகுது.

வஹீதா: எடுத்துட்டேன், எடுத்துட்டேன். அக்கா, விஷயம் தெரியுமா? வரகனேரி டெண்டுக் கொட்டாயில உங்க படம் மறுபடி போடுறாங்களாம். பரீட்சை முடிஞ்சுதுல்ல, காலேஜ் பசங்க கேட்டுக் கேட்டுப் போட வைக்கிறாங்க. எங்க அத்தாகிட்ட இப்பவே சொல்லி வச்சுட்டேன்.

அமலராணி: நீ எத்தனை தடவைதான் பார்ப்ப?

வஹீதா: படத்தை யாருக்கா பார்க்குறாங்க? பேயும் புடலங்காயும். அந்த ஒரு எடத்துக்குத்தானே சனம் போகுது. அண்ணே, நீங்க பார்த்திருக்கீங்களா?

சகாயநாதன்: நான்... இல்ல. பார்க்கல.

வஹீதா: அய்யய்யோ, திருச்சில இருந்துக்கிட்டு இதைப் பார்க்கலையா? அக்கா கல்யாணப் பொண்ணா நிப்பாங்க. செத்துப்போன மாப்பிள்ளை பேயா வந்து பக்கத்துல நிக்கிறான், அது இவங்களுக்குத் தெரியாது. பாதிரியார் கேப்பார், உனக்குச் சம்மதமான்னு. அக்கா வாயத் தொறக்க மாட்டாங்க. நிப்பாங்க, நிப்பாங்க, நின்னுக்கிட்டே இருப்பாங்க. காமிராவும் அசையாது. கொட்டாயில ஆம்பளப் பக்கம் பசங்க ஒண்ணு, ரெண்டுன்னு எண்ண ஆரம்பிப்பாங்க. பொம்பளப் பக்கம் நாங்களும் எண்ணுவோம். சோடா விக்கிறவன்கூட எண்ணுவான். கடைசில அக்கா "சம்மதம்"னு சொல்றப்ப அத்தனை பேரும் சேர்ந்து சொல்லுவோம் பாருங்க, தகரக் கூரையே அதிரும்.

அமலராணி: போதும்டி. அவங்களுக்கு அவசரம்.

வஹீதா: ஏன்க்கா, நானும் கேட்டுக்கிட்டே இருக்கேன். நெசமாவே எதுக்கு அப்படி நின்னீங்க?

அமலராணி: சொல்லியிருக்கேனே. வசனம் மறந்துபோச்சு.

வஹீதா: ஒத்த வார்த்தைய யாராச்சும் மறப்பாங்களா? நான் நம்ப மாட்டேன். அதோட, நான் இன்னொண்ணும் பார்த்து வச்சிருக்கேன். எல்லாரும் உங்க மொகத்தையே பார்க்குறாங்க, நான் அந்த முதுகைப் பார்த்தேன். நீங்க பேசாம நிக்கிறப்ப அவன் தோள்பட்டை லேசா அசையுது. தலையும் உங்க பக்கம் சாயுது. என்னமோ சொல்றான். என்ன சொன்னான்க்கா?

அமலராணி: எனக்கு ஞாபகம் இல்ல.

வஹீதா: யாருக்கா அந்த ஆளு? பேய்க்கு நிக்க வச்சாலும் நல்ல ஆளாப் பார்த்து நிக்க வச்சாங்க. பொண்ணு அந்த நேரம் தவிச்சுக்கிட்டு நிக்கிது, ஒரு தடவை, ஒரே ஒரு தடவை திரும்பி மொகத்தைக் காட்டினானா, மடையன்? சரி, நான் வர்றேன்க்கா. பெட்டிய ராத்திரி தர்றேன். வர்றேண்ணே.

அமலராணி: காப்பி ஆறுது.

சகாயநாதன்: வேணாம்.

அமலராணி: மடையன்னு சொல்லிட்டாளேன்னு வருத்தமா? ஆள் யாருன்னு தெரியாமச் சொன்னா. தெரிஞ்சிருந்தா இன்னும் நல்லாச் சொல்லியிருப்பா.

சகாயநாதன்: எட்டு வருஷமா வசனம் மறந்துபோச்சுன்னுதான் எல்லார்கிட்டயும் சொல்றியா?

அமலராணி: வேற என்ன சொல்லச் சொல்றீங்க? காமிராச் சத்தத்துல மைக்கு வாங்காததை நான் ஊருக்கு ஒப்பிக்கணுமா?

சகாயநாதன்: நான் என்னமோ சொன்னேன்தான். ஒரு வேகத்துல...

அமலராணி: என்னமோ இல்ல. "அமலம், இது நெசம்னு நெனச்சுச் சொல்லு. நான் நெசமாத்தான் சொன்னேன்." இதுதான் நீங்க சொன்னது. நெசமாவான்னு உங்க மொகத்தைப் பார்த்தேன். காமிராக்காரர் திரும்பாதன்னு சொன்னதால நீங்க நேராப் பார்த்துக்கிட்டு நிக்கிறீங்க, நெத்தியெல்லாம் வேர்வை. என்ன பண்றது, எங்க அப்பாகிட்டக் கேக்காம எப்படிச் சொல்றதுன்னு நெனச்சேன். பெரிய சாமியார் வேற, அவசரமில்லம்மா, யோசிச்சே சொல்லுன்னார். யோசிச்சேன். யோசிச்சுத்தான் சொன்னேன்.

சகாயநாதன்: வீரமலை திருப்பி எடுப்பார், அப்ப இதெல்லாம் இருக்காதுன்னு நெனச்சேன்.

அமலராணி: பிலிம் தீந்துபோச்சு. மறுநாள் விடியக்காலையில கிட்டங்கிக்கு நெல்லு வண்டி வந்துடுச்சு, பீடத்தைப் பிரிச்சுப் போட்டுட்டாங்க. அதனால அப்படியே விட்டுட்டாங்க. அப்புறம் நான் பட்டதெல்லாம் உங்களுக்குத் தெரியும்.

சகாயநாதன்: தெரியாது அமலம். அம்மா என்னை உங்க தெருப்பக்கமே...

அமலராணி: தெரிஞ்சுக்கோங்க. கூத்தாடிப் பொண்ணு பீடத்துக்குப் பக்கத்துல நின்னு பாடக் கூடாதுன்னு என்னைப் பாட்டுக் குழுவுல இருந்து எடுத்தாங்க. மொதல்ல போய்ச் சொன்னது உங்க அம்மா. அன்னைக்கு நீங்க ஆர்மோனியத்துல குனிஞ்ச தலை நிமிரல. எக்ஸ்சேஞ்சுல வேலை கெடைச்சுது. மொகம் தெரியாத வேலைன்னு சந்தோஷமாப் போனேன். எங்கேயோ ஹாஸ்டல்ல இருந்து போன் பண்ணுவானுங்க, குரலை வச்சே கண்டுபிடிச்சுடுவானுங்க. நம்பர் ப்ளீஸ்னு சொல்லிட்டு நான் இணைப்புக் கொடுக்குற நேரம், அந்தப் பக்கம் ஒண்ணு, ரெண்டுன்னு எண்ணுவானுங்க. வயர் கையில இருக்கும், கண்ணுல தண்ணி வரும். பொண்ணு பார்க்க வந்த ரெண்டு எடத்துலயும் இதே கதைதான். ஒருத்தரோட அக்கா கேட்டா, சம்மதம் சொல்ல இவ்வளவு நேரம் எடுக்குறவ சோறு போட எவ்வளவு நேரம் எடுப்பாளோன்னு.

சகாயநாதன்: நான் வந்திருக்கணும்.

அமலராணி: வந்திருக்கணும். நான் வருவீங்கன்னுதான் இருந்தேன். மொதல் வருஷம் கோயில்ல ஆர்மோனியச் சத்தம் நின்னாலே வீட்டு வாசலைப் பார்ப்பேன். அப்புறம் அதுவும் பழகிடுச்சு.

சகாயநாதன்: எனக்கு அம்மா முன்னால நின்னு பேச வராது அமலம். நாக்கு ஒட்டிக்கும். சின்ன வயசுல இருந்தே அப்படித்தான்.

அமலராணி: சரி விடுங்க. பேசினா நேரம்தான் போகுது. இருங்க, சீலைய மாத்திட்டு வர்றேன். கோயிலுக்குப் போற சீலை கொடியில காயுது. நீங்க ரிக்‌ஷா கெடைக்குதான்னு பாருங்க.

சகாயநாதன்: எங்க?

அமலராணி: எங்கன்னா? சாமியார்கிட்டத்தான். சுவிசேஷத்து மேல கை வச்சு, நடிப்புதான்னு சொல்றேன். நீங்க கேட்டதுதானே?

சகாயநாதன்: சொல்லிடுவியா?

அமலராணி: ஏன், சொல்லக் கூடாதா?

சகாயநாதன்: இல்ல... சொல்லணும்தான். ஆனா சுவிசேஷத்து மேல கை வச்சுப் பொய் சொன்னா சாவான பாவமாச்சே, நரகம்தானே.

அமலராணி: எது பொய்?

சகாயநாதன்: நீ இப்ப சொன்னியே, யோசிச்சுத்தான் சொன்னேன்னு.

அமலராணி: அது என் பாவம், நான் பார்த்துக்கிறேன். உங்களுக்கு எதுக்குக் கவலை? ரிக்‌ஷா பாருங்க. மணி அடிச்சுடும், தொட்டியில உக்காந்துடுவார்னு வந்ததுல இருந்து பறந்தீங்களே.

சகாயநாதன்: அவசரப்படாதயேன். கொஞ்சம் காப்பி குடிச்சுட்டு...

அமலராணி: காப்பி வேணாம்னீங்க.

சகாயநாதன்: இப்ப வேணும்.

அமலராணி: இந்தாங்க. குடிக்காம ஏன் கையிலயே வச்சிருக்கீங்க?

சகாயநாதன்: நீ வர மாட்டேன்னு சொல்லுவன்னு நெனச்சேன்.

அமலராணி: ஓ.

சகாயநாதன்: என்னைத் திட்டுவ, போடா வெளியிலன்னு சொல்லுவ, சத்தியமெல்லாம் பண்ண முடியாதுன்னு கதவைச் சாத்துவன்னு...

அமலராணி: அப்புறம் நீங்க நேரா வீட்டுக்குப் போயி, நான் என்னம்மா பண்றது, அவ மாட்டேங்கிறான்னு சொல்லிடலாம். கல்யாணம் தானா நின்னுடும். ஓலையில ஒருத்தர் தடுக்கணும், சாமியார் தடுக்கணும், கடைசியா நான் தடுக்கணும். நீங்க மட்டும் நல்ல பிள்ளையாக் கைய கட்டிக்கிட்டு நிக்கணும், மறுபடியும் முதுகைக் காட்டிக்கிட்டு.

சகாயநாதன்: நீ சொல்றது எல்லாம் சரிதான். ஆனா...

அமலராணி: அந்தச் செல்வமேரிய ஒரு நிமிஷம் நெனச்சுப் பார்த்தீங்களா? மணப்பாறைக் கோயில்லயும் ரெண்டு ஓலை வாசிச்சிருப்பாங்க. அவ பேரையும் உங்க பேரையும் சேர்த்து ஊரே கேட்டிருக்கு. மூணாவது நின்னுபோனா, அவளுக்குத்தான் என்னமோ கோளாறுன்னு சொல்லுவாங்க, மாப்பிள்ளைக்குன்னு சொல்ல மாட்டாங்க. அது எப்படி இருக்கும்னு எனக்குத் தெரியும். வேற யாருக்குத் தெரியுமோ இல்லையோ, எனக்குத் தெரியும்.

சகாயநாதன்: நெனச்சேன். ராத்திரி பூரா நெனச்சேன். மொதல் ஓலை வாசிச்சப்ப சாமியார் வாயில என் பேரைக் கேட்டேன். சகாயநாதனுக்கும்னு சொன்னதுமே, எனக்கு அடுத்த பேர் அமலராணின்னுதான் காதுல விழுந்துச்சு. செல்வமேரின்னு வாசிச்சாங்கன்னு அப்புறம்தான் தெரிஞ்சுது. ரெண்டாவது ஓலைக்கும் அப்படியேதான். எனக்குப் பைத்தியம்தான் பிடிக்கப்போகுதுன்னு பயந்துட்டேன். அந்தப் பொண்ணை இப்படி ஒரு மனசோட கட்டிக்கிட்டா, அதுவும் அவளுக்குத் துரோகம்தானே?

அமலராணி: இதை யார்கிட்டச் சொன்னீங்க?

சகாயநாதன்: மணி அடிக்குது அமலம்.

அமலராணி: அடிக்கட்டும். யார்கிட்டச் சொன்னீங்க?

சகாயநாதன்: போகாத. ரிக்‌ஷா வேணாம். சத்தியமும் வேணாம். கோயில்பிள்ளை வந்து கூப்பிடவே இல்ல, நானாத்தான் போனேன். தடை சொன்னவன் நான்தான்.

அமலராணி: ...

சகாயநாதன்: சாமியார்கிட்ட அத்தனையும் சொன்னேன். நான் காதுல சொன்னதை மட்டும் சொல்ல வாய் வரல. இப்ப சொல்றேன். ரெண்டு பேருமாப் போவோம், தொட்டியில உக்காந்திருந்தாலும் எழுப்பி உள்ளதைச் சொல்லுவோம். மணப்பாறைக்கு நானே போறேன், அந்தப் பொண்ணோட அப்பா கால்ல விழறேன். அம்மாகிட்ட நானே பேசறேன். நாக்கு ஒட்டிக்கிட்டாலும் பேசறேன். கெளம்பு அமலம், அந்தச் சீலையே போதும். என்ன நீ, எட்டு வருஷத்துக்கு முந்தி நின்ன மாதிரியே நிக்கிற. எதையாச்சும் சொல்லு.

அமலராணி: இதை நீங்களா சொல்றீங்களான்னு பார்க்கத்தான் சீலை, ரிக்‌ஷான்னு இவ்வளவு நேரம் உக்கார வச்சேன். ஆனா காலையில, கோயிலுக்கு வர முடியாத அப்பாவுக்கு நன்மை அப்பம் கொடுக்க வந்த சாமியார், என்கிட்டயும் கேட்டுட்டுப் போயிட்டாருங்க. உங்களுக்கு அந்தக் கல்யாணத்துலதான் மனசுன்னு நெனச்சு, சுவிசேஷத்து மேல கை வச்சு, நடிப்புதான் சாமி, வசனம் மறந்துபோச்சுன்னு சொல்லிட்டேன். நாளைக்கு ஓலை வாசிக்கிறேன்னு சந்தோஷமாப் போனார். சாவான பாவம்னு நீங்களே சொன்னீங்களே, அந்தப் பொய்ச் சத்தியத்தை நான் இனிமே எந்தச் சாமியார்கிட்டப் போயி பாவசங்கீர்த்தனம் பண்றது, அதைச் சொல்லுங்க.